பட்டன் போனில் வாட்ஸ்அப்: பச்சைச் சின்னம் இருந்தும் சேதி போகாதது ஏன்?

பழைய நோக்கியா கருவி ஒன்றில் சார்ஜ் நிற்கிறது, அழைப்பு வருகிறது, குறுஞ்செய்தியும் போகிறது. மெனுவில் வாட்ஸ்அப்பின் பச்சைச் சின்னம்கூட அப்படியே இருக்கிறது. அதை அழுத்தினால் மட்டும், பதிப்பு காலாவதியாகிவிட்டது என்றோ இணைக்க முடியவில்லை என்றோ ஒரு வரி வந்து நின்றுவிடுகிறது. இன்னொரு பக்கம், 4ஜி என்று பெட்டியில் அச்சிட்டிருப்பதைப் பார்த்துப் புதிய பட்டன் போன் வாங்கியவர்களுக்கு, அதில் வாட்ஸ்அப்பை ஏற்ற வழியே இல்லை என்பது வீட்டுக்கு வந்த பிறகுதான் தெரிகிறது.

இரண்டு சிக்கலும் ஒன்றுபோலத் தோன்றினாலும் காரணங்கள் வேறு. 'பழைய போன், அதனால் ஓடாது' என்ற வழக்கமான பதில் முதல் சிக்கலுக்குப் பாதிதான் பொருந்தும். இரண்டாவதற்குப் பொருந்தவே பொருந்தாது. அரட்டைச் செயலி என்பது கருவிக்குள் முழுமையாக இருக்கும் பொருள் அல்ல. அதன் ஒரு பாதி நம் கையிலும் மறு பாதி நிறுவனத்தின் சேவைக்கணினியிலும் (சர்வர்) இருக்கிறது. அந்த மறு பாதி எப்போது, எதற்காகக் கதவை அடைக்கிறது என்பதைப் புரிந்துகொண்டால் மற்றதெல்லாம் புரியும்.

பட்டன் போன் என்பது ஒரே வகை அல்ல

கடையில் ஒரே கண்ணாடிப் பெட்டிக்குள் அடுக்கி வைத்திருந்தாலும், உள்ளே ஓடும் மென்பொருளை வைத்துப் பார்த்தால் இவை நான்கு வகைப்படும்.

1. செயலி ஏற்றவே இடம் தராதவை. நோக்கியா 105 போன்ற மலிவான கருவிகளில் உள்ள சீரீஸ் 30+ என்ற மென்பொருள் இந்த வகை. தயாரிப்பாளர் வைத்தது மட்டுமே இருக்கும்.

2. ஜாவா செயலிகளை ஏற்பவை. நோக்கியாவின் சீரீஸ் 40-இல் ஓடிய பெரும்பாலான மாடல்களும், ஆஷா வரிசையும் இதில் அடங்கும். ஜேஏஆர் என்று முடியும் கோப்பை இறக்கி நிறுவிய தலைமுறைக்கு இது நன்றாக நினைவிருக்கும்.

3. பட்டன் வைத்த ஸ்மார்ட்போன்கள். சிம்பியன் ஓடிய நோக்கியா கருவிகளும் பழைய பிளாக்பெரிகளும் தோற்றத்தில் பட்டன் போன்களே. உள்ளே பல வேலைகளை ஒரே நேரத்தில் செய்யக்கூடிய முழு இயங்குதளம் இருந்தது.

4. கைஓஎஸ் கருவிகள். மோசில்லா நிறுவனம் கைவிட்ட ஃபயர்ஃபாக்ஸ் ஓஎஸ் என்ற இயங்குதளத்தின் கிளையாக வளர்ந்த கைஓஎஸ், ஜியோ போன், நோக்கியா 8110 4ஜி போன்றவற்றில் வந்தது. இதில் செயலி என்பது ஏறத்தாழ ஓர் இணையப் பக்கமே.

4ஜி என்ற எழுத்து இந்தப் பிரிவினையில் எங்கும் வரவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். 4ஜி என்பது அலைவரிசையில் எப்படிப் பேசுவது என்பதைக் குறிக்கிறதே தவிர, செயலி ஏறுமா என்பதைக் குறிக்கவில்லை. நோக்கியா 110 4ஜி நான்காம் தலைமுறைக் கருவிதான். ஆனால் அது முதல் வகையைச் சேர்ந்தது. 2023 ஜூலையில் 999 ரூபாய்க்கு வந்த ஜியோபாரத் கருவியிலும் ஜியோவின் சொந்தச் செயலிகள் இருந்தனவே தவிர, வெளியானபோது வாட்ஸ்அப் இல்லை. 2ஜியும் 3ஜியும் இல்லாத ஜியோ வலையமைப்பில் பேச வேண்டுமானால் 4ஜி கருவி தேவை என்பதால்தான் இவை தயாராகின்றன. பலர் அதை 'எல்லாம் ஓடும்' என்று படித்துவிடுகிறார்கள்.

ஒரு சேதி போய்ச் சேர என்னென்ன வேண்டும்

செயலி ஏற்கெனவே நிறுவப்பட்டிருக்கிறது என்றே வைத்துக்கொள்வோம். அதற்குப் பிறகும் நான்கு கதவுகளைத் தாண்ட வேண்டியிருக்கிறது.

முதலாவது, வலையமைப்பு. 3ஜி கருவி வைத்திருப்போர் பல நாடுகளில் இங்கேயே நின்றுவிடுவார்கள். மலேசியாவில் 3ஜி 2021 இறுதியில் மூடப்பட்டது. சிங்கப்பூரில் 2ஜி 2017-இல் போனது, 3ஜி 2024-இல் போனது. இந்தியாவில் ஏர்டெல் 2020-இல் 3ஜியை நிறுத்திவிட்டு 2ஜியை வைத்துக்கொண்டது. ஆகவே அங்கே ஒரு நல்ல 3ஜி கருவி, தன்னைவிடப் பழைய கருவியின் வேகத்துக்கு இறங்கிவந்து நிற்கும் விசித்திரம் நடக்கிறது.

இரண்டாவது, நேரமும் சான்றிதழும். இதைப் பலர் கவனிப்பதில்லை என்பதால் சற்று விரிவாகப் பார்க்கலாம். பாதுகாப்பான இணைப்பு எதுவாக இருந்தாலும், எதிர்முனையில் இருப்பது உண்மையான சேவைக்கணினிதானா என்பதைக் கருவி ஒரு மின்சான்றிதழை வைத்துச் சரிபார்க்கிறது. அந்தச் சான்றிதழை நம்பலாம் என்று சொல்லும் மூலச் சான்றிதழ்கள் கருவி தயாரான நாளிலேயே அதன் நினைவகத்தில் எழுதப்பட்டவை. அவற்றுக்கும் முடிவுத் தேதி உண்டு. 2021 செப்டம்பர் 30 அன்று அப்படி ஒரு மூலச் சான்றிதழ் காலாவதியானபோது, இலவசமாகச் சான்றிதழ் வழங்கும் லெட்ஸ் என்கிரிப்ட் அமைப்பின் சான்றிதழைப் பயன்படுத்திய எத்தனையோ இணையதளங்களைப் பழைய கருவிகள் திடீரென்று திறக்க மறுத்தன. அதே ஆண்டு மார்ச்சில் டிஎல்எஸ் 1.0, 1.1 ஆகிய பழைய பாதுகாப்பு முறைகள் அதிகாரபூர்வமாகவே வழக்கொழிந்தவை என்று அறிவிக்கப்பட்டன; 2010 வாக்கில் வந்த பட்டன் போன்களில் பலவற்றுக்கு அவற்றைத் தவிர வேறெதுவும் தெரியாது. பேட்டரியைக் கழற்றி மாட்டியதும் தேதி பல ஆண்டுகள் பின்னோக்கிப் போய்விடுவது இந்தக் கருவிகளின் குணம். அப்படிப் போனால், இன்றைய சான்றிதழ் அதன் கண்ணுக்கு 'இன்னும் பிறக்காத' சான்றிதழாகத் தெரியும், இணைப்பு மறுக்கப்படும். தேதியைச் சரிசெய்தாலே தீர்ந்துவிடும் சிக்கல்களில் இது ஒன்று. நம்மால் தீர்க்கக்கூடியதும் ஏறத்தாழ இது ஒன்றுதான்.

மூன்றாவது, செயலியின் பதிப்பு. வாட்ஸ்அப்பின் ஒவ்வொரு பதிப்பும் குறிப்பிட்ட காலத்துக்குப் பிறகு தானாகவே காலாவதியாகும்படி அமைக்கப்பட்டிருக்கிறது. புதிய பதிப்பு வந்துகொண்டிருக்கும்வரை இது தொந்தரவாகத் தெரியாது. ஓர் இயங்குதளத்துக்குப் புதிய பதிப்பு வெளியிடுவதை நிறுத்திவிட்டால், கடைசிப் பதிப்பின் ஆயுளோடு அந்தத் தளத்தின் கதை முடிந்தது. 'அப்டேட் செய்யவும்' என்று அறிவிப்பு வரும். அப்டேட் எங்கும் இருக்காது.

நான்காவது, பின்னணியில் விழித்திருத்தல். குறுஞ்செய்தி தானாக வந்து விழுவதற்கு வலையமைப்பே பொறுப்பு. அரட்டைச் செயலிக்கோ சேவைக்கணினியோடு ஓர் இணைப்பு எப்போதும் திறந்தே இருக்க வேண்டும். ஜாவா கருவிகள் பலவற்றில் சிவப்பு விசையை அழுத்தியதும் செயலி மூடப்பட்டுவிடும். அதோடு இணைப்பும் போய்விடும். மீண்டும் திறந்தால், உரிய கையொப்பமில்லாத செயலியாக இருக்கும்பட்சத்தில், இணையத்தைப் பயன்படுத்த அனுமதிக்கலாமா என்று ஒவ்வொரு முறையும் கேட்கும்.

ஒரு காலத்தில் எப்படி ஓடியது

இத்தனை தடைகள் இருந்தும் வாட்ஸ்அப் சீரீஸ் 40-இல் பல ஆண்டுகள் நன்றாகவே ஓடியது. 2009-இல் ஐபோனுக்காகத் தொடங்கிய செயலி, அடுத்த ஆண்டே பிளாக்பெரிக்கும் சிம்பியனுக்கும், 2011-இல் சீரீஸ் 40-க்கும் வந்தது. மெதுவான 2ஜியில் ஓட வேண்டும் என்பதற்காகவே அதன் பேச்சுமுறை சுருக்கப்பட்டிருந்தது. எக்ஸ்எம்பிபி என்ற, யாரும் பயன்படுத்தக்கூடிய பொதுத் தர நெறிமுறையை எடுத்துக்கொண்டு, அதில் அடிக்கடி வரும் முழுச் சொற்களுக்குப் பதிலாக ஒரே ஒரு பைட் குறியீட்டை வைத்தார்கள். ஒரு வரிச் சேதியைவிட அதைச் சுற்றிய உறை பெரிதாக இருக்கும் நிலை இதனால் தவிர்க்கப்பட்டது.

2013-இல் வந்த நோக்கியா ஆஷா 210-இல் வாட்ஸ்அப்பைத் திறப்பதற்கென்றே விசைப்பலகையில் ஒரு தனிப் பொத்தான் இருந்தது. வன்பொருளில் பதித்த பொத்தான்! மென்பொருளின் ஆயுளை நம்பி பிளாஸ்டிக்கில் அச்சடிப்பது எவ்வளவு துணிச்சல் என்பதற்கு அந்தக் கருவி இன்றும் சாட்சி.

இந்தக் கதைக்கு ஒரு தமிழ்நாட்டுப் பக்கமும் உண்டு. சென்னையை அடுத்த ஸ்ரீபெரும்புதூரில் 2006-இல் தொடங்கிய நோக்கியா ஆலை, அந்நிறுவனத்தின் பட்டன் போன்களைப் பெருமளவில் தயாரித்தது. நோக்கியாவின் கைபேசிப் பிரிவு 2014 ஏப்ரலில் மைக்ரோசாஃப்ட் கைக்குப் போனபோது, வரி வழக்கில் சிக்கியிருந்த இந்த ஆலை அந்த விற்பனையில் சேரவில்லை. ஜூலையில் மைக்ரோசாஃப்ட் ஆஷா, சீரீஸ் 40 வரிசைகளைக் கைவிடுவதாக அறிவித்தது. நவம்பர் 1 அன்று ஆலையின் உற்பத்தி நின்றது. ஒரு தளத்துக்கு உரிமையாளரே இல்லாமல் போன பிறகு அதற்காகச் செயலி எழுதுவோர் எத்தனை நாள் காத்திருப்பார்கள்?

சில ஆண்டுகள் காத்திருந்தார்கள் என்பதுதான் வியப்பு. 2016 பிப்ரவரியில் வாட்ஸ்அப் முதல் அறிவிப்பை வெளியிட்டு, அந்த ஆண்டு முடிவோடு பல பழைய தளங்களை விடுவதாகச் சொன்னது. பிறகு தேதிகள் தள்ளிப்போயின: சிம்பியனுக்கு 2017 ஜூன் 30, பிளாக்பெரி 10-க்கு 2017 டிசம்பர் 31, சீரீஸ் 40-க்கு 2018 டிசம்பர் 31.

மறையாக்கம்தான் காரணமா?

சேதியைப் பிறர் படிக்க முடியாதபடி பூட்டும் மறையாக்கக் கணக்கைப் பட்டன் போன்களால் போட முடியாது, அதனால்தான் கைவிட்டார்கள் என்ற விளக்கம் பரவலாகச் சொல்லப்படுகிறது. அது தவறு. அனுப்புபவரும் பெறுபவரும் தவிர இடையில் யாரும் படிக்க முடியாத முழுமறையாக்கத்தை 2016 ஏப்ரலில் வாட்ஸ்அப் நிறைவுசெய்தபோது, அந்தப் பட்டியலில் ஆண்ட்ராய்டும் ஐபோனும் மட்டும் இல்லை. நோக்கியா சீரீஸ் 40, எஸ்60 (சிம்பியன்), பிளாக்பெரி ஆகியவையும் இருந்தன. சில மெகாபைட் நினைவகத்துக்குள் இயங்கும் ஜாவாச் செயலியில் அதைச் செய்துகாட்டியிருக்கிறார்கள். முடியாதது ஒன்றுமில்லை.

உண்மைக் காரணம் பராமரிப்புச் செலவு. ஒரு புதிய வசதியைச் சேர்க்கும்போது ஒவ்வொரு தளத்துக்கும் தனியாக எழுத வேண்டும், தனியாகச் சோதிக்க வேண்டும். எழுதாமல் விட்டால், அந்தத் தளத்தில் இருப்பவருக்கு வரும் சேதி பாதி தெரிந்தும் பாதி தெரியாமலும் இருக்கும். குழு அழைப்பு, ஸ்டேட்டஸ், பல கருவி இணைப்பு என்று ஒவ்வொன்றும் இந்தச் சுமையைக் கூட்டியது. இதை நிறுவனத்தின் பேராசை என்றோ தொழில்நுட்பத்தின் கட்டாயம் என்றோ ஒரே சொல்லில் முடித்துவிடுவது சரியல்ல. ஆனால் ஒன்றைச் சொல்ல வேண்டும்: நெறிமுறை பொதுவாக இருந்திருந்தால், நிறுவனம் விட்ட இடத்தில் வேறு யாராவது எழுதியிருக்க முடியும். எக்ஸ்எம்பிபியில் தொடங்கிய வாட்ஸ்அப் அதைத் தனக்கான மூடிய முறையாக மாற்றிக்கொண்டது. வெளியார் எழுதும் செயலிகளை அனுமதிப்பதில்லை, பயன்படுத்துவோரின் கணக்கை முடக்கவும் செய்கிறது.

கைஓஎஸ்: ஒரு மறுபிறவி

2017 ஜூலையில் 1500 ரூபாய் திரும்பப்பெறும் வைப்புத்தொகையோடு ஜியோ போன் அறிவிக்கப்பட்டபோது அதில் வாட்ஸ்அப் இல்லை. அதுவே அந்தக் கருவி மீதான முதல் குறையாகச் சொல்லப்பட்டது. 2018 செப்டம்பரில் குறை தீர்ந்தது. 2019-இல் மற்ற கைஓஎஸ் கருவிகளுக்கும் செயலி கிடைத்தது. சீரீஸ் 40 மூடப்படவும் கைஓஎஸ் திறக்கவும், பட்டன் போன் விரும்புவோருக்கு ஒரு பாலம் கிடைத்தது போலிருந்தது.

பாலம் நீடிக்கவில்லை. 2024 ஜூன் 25 முதல் கைஓஎஸ்ஸின் செயலிக் கடையான கைஸ்டோரில் வாட்ஸ்அப்பைப் புதிதாக இறக்க முடியவில்லை. ஏற்கெனவே வைத்திருந்தவர்களுக்கு 2025 தொடக்கம்வரை அவகாசம் என்று சொல்லப்பட்டது. ஆகவே பழைய இருப்பாக விற்கப்படும் கைஓஎஸ் கருவியின் பெட்டியில் வாட்ஸ்அப் படம் இருந்தால், அது அச்சிட்ட நாளின் உண்மை மட்டுமே.

தமிழ் எழுத்துக்கு நேர்ந்தது

அரட்டைச் செயலி இல்லாவிட்டால் குறுஞ்செய்தி இருக்கிறதே என்று கேட்கலாம். ஆங்கிலத்தில் ஒரு குறுஞ்செய்திக்கு 160 எழுத்துகள்; தமிழ் யூனிகோடுக்கு மாறியதும் அது 70 ஆகச் சுருங்குகிறது. அதிலும் கணக்கு நம் கண்ணுக்குத் தெரியும் எழுத்தைப் பார்ப்பதில்லை. 'கூட்டம் நாளை காலை பத்து மணிக்கு' என்ற வரியில் நாம் எண்ணும் எழுத்துகள் 15. கருவியோ உயிர்க்குறியையும் புள்ளியையும் தனித்தனி அலகாக எண்ணி 27 என்கிறது. நான்கு இடைவெளிகளைச் சேர்த்தால் 31. ஏறத்தாழ பாதிச் சேதி முடிந்துவிட்டது, கூட்டம் எங்கே என்று இன்னும் சொல்லவில்லை.

எழுத்துரு இல்லாத கருவியில், இடைவெளி தவிர்த்த அந்த 27 அலகும் கட்டங்களாகத் தெரியும். இணையத்தில் இதைச் சமாளிக்க ஒரு காலத்தில் ஓபரா மினி என்ற உலாவி உதவியது. முகவரிப் பட்டையில் ஓபரா:கான்ஃபிக் என்று ஆங்கிலத்தில் அடித்து, சிக்கலான எழுத்துகளுக்குப் பட எழுத்துருவைப் பயன்படுத்து என்ற தெரிவை 'யெஸ்' என்று மாற்றினால், தமிழ்ப் பக்கங்கள் தெளிவாக வரும். எழுத்துகளை அந்நிறுவனத்தின் சேவைக்கணினியே படமாக வரைந்து அனுப்பியதுதான் ரகசியம்; கருவிக்குத் தமிழ் தெரிய வேண்டிய தேவையே இல்லை. கடினமான வேலையைத் தொலைவிலுள்ள கணினி செய்து, முடிவை மட்டும் கருவிக்கு அனுப்பும் இதே உத்திதான், இன்று சில புதிய பட்டன் போன்களில் 'கிளவுட்' செயலிகள் என்ற பெயரில் திரும்பி வந்திருக்கிறது.

மாற்று வழிகளும் அவற்றின் விலையும்

1. எண் பட்டன் போனில், செயலி வேறு கருவியில். வாட்ஸ்அப்பில் பதிவுசெய்யத் தேவையான ஆறு இலக்கக் குறியீடு குறுஞ்செய்தியாகவோ அழைப்பாகவோ வரும். ஆகவே சிம் பட்டன் போனில் இருக்க, வீட்டிலுள்ள வைஃபை ஆண்ட்ராய்டு கருவியில் கணக்கைத் திறக்கலாம். இதுவரை இருந்ததிலேயே ஒழுங்கான வழி இதுதான். ஆனால் 2025 நவம்பர் 28 அன்று இந்தியத் தொலைத்தொடர்புத் துறை பிறப்பித்த உத்தரவு, பதிவுசெய்த சிம் கருவிக்குள் இருக்கும்போது மட்டுமே அரட்டைச் செயலி இயங்க வேண்டும் என்கிறது. இணைய மோசடியைத் தடுப்பது அதன் நோக்கம். அது முழுமையாகச் செயலுக்கு வரும் இடத்தில், இந்த வழி அடைபடும்.

2. தொலைக்கணினி வழி. மேலே சொன்ன கிளவுட் முறையில் அரட்டைக் கணக்கைத் திறந்தால், மறையாக்கத்தின் சாவி நம் கையில் இருப்பதில்லை. அந்தத் தொலைக்கணினியில் இருக்கிறது. பூட்டு உண்டு, சாவி பக்கத்து வீட்டில். செய்தி படிக்கவும் மட்டைப்பந்து ஸ்கோர் பார்க்கவும் இது பொருத்தம். வங்கிக்கும் சொந்த அரட்டைக்கும் பொருத்தமில்லை.

3. டெலிகிராம். வெளியார் செயலி எழுத இது இடம் தருவதால், பழைய கருவிகளுக்கான ஆர்வலர் முயற்சிகள் இன்னும் நடக்கின்றன. கணக்கின் நுழைவை இடைநிலைத் தளம் ஒன்றிடம் ஒப்படைப்பதாக இருந்தால், இரண்டாவதில் சொன்ன எச்சரிக்கை இதற்கும் பொருந்தும்.

4. 'ஜாவாவுக்கான புதிய வாட்ஸ்அப்' என்று கிடைக்கும் கோப்புகள். இவற்றைத் தொடவே கூடாது. அதிகாரபூர்வப் பதிப்பு 2018-க்குப் பிறகு இல்லை என்பதால், அதன்பின் 'புதியது' என்று வருவது எதுவும் அசல் அல்ல. ஜாவாச் செயலி வேடத்தில் வந்து, கட்டணக் குறுஞ்செய்திகளை அனுப்பிப் பணத்தைக் கரைக்கும் தீநிரல் 2006-லேயே கண்டுபிடிக்கப்பட்டது. பட்டன் போனில் வைரஸ் வராது என்ற நம்பிக்கைக்கு அடிப்படை இல்லை.

கருவி மாற்றுவோர் ஒன்றை முன்கூட்டியே செய்துகொள்வது நல்லது. பழைய பட்டன் போன்களிலுள்ள அரட்டைகளை ஆண்ட்ராய்டுக்கு முழுமையாக மாற்றும் வழி இல்லை. வேண்டிய படங்களை மெமரி கார்டில் நகலெடுத்துவிட வேண்டும். 120 நாள் செயல்படாத வாட்ஸ்அப் கணக்கு பொதுவாக நீக்கப்படும் என்பதும் நினைவிலிருக்கட்டும்.

யாருடைய வேலை கூடியது

இந்தியாவில் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2024 டிசம்பரில் விதியைத் திருத்தியதன் பயனாக, அழைப்பும் குறுஞ்செய்தியும் மட்டும் உள்ள ரீசார்ஜ் திட்டங்கள் 2025 ஜனவரி முதல் கிடைக்கின்றன. பட்டன் போன் வைத்திருப்போருக்கு இது நல்ல செய்தி; தேவையில்லாத டேட்டாவுக்குப் பணம் கட்ட வேண்டாம். அந்தத் திட்டத்தில் இருப்பவரை எந்தச் செயலியாலும் எட்ட முடியாது என்பதும் அதற்குள்ளேயே அடங்கியிருக்கிறது. அவரை எட்டக் குறுஞ்செய்தி ஒன்றே வழி.

அந்த வழியோ அனுப்புவோர் பக்கம் குறுகிவிட்டது. விளம்பரத் தொல்லையைக் கட்டுப்படுத்த 2018-இல் வந்த டிராய் ஒழுங்குமுறையின்படி, மொத்தக் குறுஞ்செய்தி அனுப்பும் எந்த அமைப்பும் தன்னையும், அனுப்புநர் பெயரையும், சேதியின் வார்ப்பையும் (டெம்ப்ளேட்) முன்னதாகவே பதிவுசெய்ய வேண்டும். 2021 மார்ச்சில் இது கண்டிப்பாக்கப்பட்டபோது வங்கிகளின் ஓடிபிகளே தடைபட்டு, சில நாளுக்கு நிறுத்திவைக்க வேண்டியதாயிற்று. வங்கியால் அந்தப் பதிவைச் செய்துகொள்ள முடியும். ஒரு சிறு பள்ளிக்கோ, குடியிருப்போர் சங்கத்துக்கோ, பால் கூட்டுறவுச் சங்கத்துக்கோ அது பெரிய வேலை. வாட்ஸ்அப் குழு தொடங்க ஒரு நிமிடம் போதும். எனவே 'கூட்டம் நாளை காலை பத்து மணிக்கு' என்ற சேதி குழுவில் போடப்படுகிறது. 31 அலகுகள் கொண்ட ஒரே குறுஞ்செய்தியில் அடங்கக்கூடிய அந்த வரி, பட்டன் போன் வைத்திருக்கும் பெற்றோருக்கு மறுநாள் பள்ளி வாசலில் யாராவது சொன்னால்தான் தெரிகிறது.